இருப்பது இருந்தபடி

உத்தரவு ஒன்றரைப் பக்கம்.
இடத்துக்குப் போ. அள. கண்டதை எழுது.
யாருடையது என்று மட்டும் எழுதாதே.
கமிஷனர் கட்டணம் எட்டாயிரம், வாதி கட்ட வேண்டும்.
ஜீப்புக்குத் தனி.

ரோஹ்ரூ தாண்டி ஏறி,
பப்பர் ஆறு ஒரு நூலாகத் தெரியும் உயரத்தில் தோட்டம்.
ஒரே சரிவில் இரண்டு புல எண்கள்.
நடுவில் ஒரு வேலி இருந்தது என்று
இரு தரப்பும் ஒத்துக்கொண்டார்கள்.
ஒத்துக்கொள்ளப்போகும் கடைசி விஷயமும்
அதுதான் என்று நினைத்தேன்.

வாதி பிரேம்லதா ராந்தா
ஸ்வெட்டருக்கு மேல் மழைக்கோட்டு மாட்டி வந்திருந்தார்.
பிரதிவாதி ஹீராநந்த் ப்ராக்டா வரவில்லை,
மருமகனை அனுப்பியிருந்தார்.
அவன் செல்போனை இறக்கவே இல்லை,
நான் செருப்பிலிருந்து சேறு வழிப்பதையும் படமெடுத்தான்.
இரண்டு வீட்டிலிருந்தும் டீ வந்தது.
இரண்டையும் தொடவில்லை.
பிளாஸ்கில் இருந்த என் டீயைக் குடித்தேன்.
ஆறிப்போய், நடுநிலையாக இருந்தது.

கானூங்கோ லாயக் ராம்
துணி வரைபடத்தைப் பாறைமேல் விரித்தார்.
காற்று தூக்கிவிடாமலிருக்க
நாலு மூலைக்கும் நாலு ஆப்பிள் வைத்தார்.
"இது எந்தத் தரப்பு ஆப்பிள்?" என்றான் மருமகன்.
எடுத்துவிட்டுக் கல் வைத்தோம்.

"நகராத புள்ளி மூணு வேணும் மேடம்."
மரக்கோயிலின் கிழக்கு மூலை.
சுனை.
பெருக்கல் குறி கொத்திய கல்.

கோயிலிலிருந்து சங்கிலி பிடித்தால்
பதினோரு மரமும் ராந்தாவுக்கு.
சுனையிலிருந்து பிடித்தால் ப்ராக்டாவுக்கு.
குறிக்கல்லிலிருந்து பிடித்தால்
எல்லை, கோவேறு கழுதைகள் போகும் பாதையில் போய் நிற்கிறது.
அதைக் கேட்டு இன்னும் யாரும் வழக்குப் போடவில்லை.
மறுபடி பிடித்தோம்.
மறுபடியும் மூன்று.
லாயக் ராம் உட்கார்ந்து
சங்கிலியைக் கண்ணி கண்ணியாக எண்ணினார்.
குறையவில்லை.

அப்புறம்தான் மரங்களைப் பார்த்தேன்.
பதினொன்றும்
அடியில் பள்ளத்தைப் பார்த்துச் சாய்ந்து,
முழங்கால் உயரத்தில் மனசு மாறி,
அங்கிருந்து நேரே வானத்துக்குப் போயிருந்தன.
விழவில்லை. இறங்கி வந்திருக்கின்றன.
வருஷத்துக்கு ஒரு விரற்கடை,
மழை கொட்டிய வருஷத்தில் ஒரு சாண்.
மலை தூக்கத்தில் புரண்டிருக்கிறது,
போர்வையோடு தோட்டமும் போயிருக்கிறது.
கோயிலும் போயிருக்கலாம்.
கல்லும்.

நட்டது ராந்தாவின் மாமனார்.
நிற்பது, ஒரு கணக்குப்படி, ப்ராக்டாவின் எண்ணில்.
இருவருமே பொய் சொல்லவில்லை என்று தோன்றியது.
தோன்றியதை எழுத உத்தரவில் இடமில்லை.

கிளம்பும்போது பிரேம்லதா சொன்னார்,
யாரிடமும் இல்லாமல்:
"நாலு வருஷமா சமையல்கட்டுக் கதவு சாத்த வரலை.
மூணு தச்சன் பார்த்தாச்சு."
செல்போன் முதன்முறையாக இறங்கியது.
"எங்க வீட்டுலயும்" என்றான் மருமகன்.
சொன்னபின் போனையே பார்த்தான்,
பதிவாகிவிட்டதா என்று.

பத்தி ஏழு:
மரங்கள் பதினொன்று.
அடிமரம் பள்ளத்தாக்கை நோக்கிச் சாய்ந்தும்
ஒன்றரை அடிக்கு மேல் நிமிர்ந்தும் உள்ளன.
காரணம் கூற எனக்கு அதிகாரமில்லை.
கடைசி வரியை அடித்தேன்.
திரும்ப எழுதினேன்.

ஆட்சேபணை இரு பக்கத்திலிருந்தும் வந்தது.
கமிஷனர் எதிர்த்தரப்புக்குச் சாதகமானவர்.
கோர்ட் வாசலில் ஒரே டைப்பிஸ்ட் போல,
இரண்டிலும் என் பெயரில் அதே எழுத்துப்பிழை.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றிக் கேட்டார்:
"மூன்றில் எது நகராதது?"
நான் போன அன்று
மூன்றுமே அசையாமல்தான் இருந்தன என்றேன்.
யாரோ சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை.

வழக்கு மார்ச் பதினெட்டுக்குத் தள்ளிப்போனது.
நடுவில் ஒரு பனிக்காலம் இருக்கிறது.
மேற்கண்ட அளவுகள்
அளந்த தேதிக்கு மட்டுமே பொருந்தும் என்று
கையெழுத்துக்கு மேலே ஒரு வரி
சேர்த்திருக்கலாம்.